மாமா போட்ட இனிஷியல்

உ

மல்லசமுத்திரம்
16-7-1978

செல்ல மகள் சாரதாமணிக்கு மாமா சின்னுசாமி எழுதிக்கொண்டது. இங்கே நான், உன் அம்மா, அத்தை கண்ணாத்தாள், செவலைப் பசு வரைக்கும் எல்லோரும் சுகம். கோயம்புத்தூர்த் தண்ணீர் உன் உடம்புக்கு ஒத்துக்கொண்டதா, விடுதிச் சோறு வாயில் வைக்கும்படி இருக்கிறதா என்று உடனே எழுதவும்.

உன்னை விட்டுவிட்டுத் திரும்பும்போது பஸ்ஸில் இடமே இல்லை. கண்டக்டர் என் முகத்தைப் பார்த்ததும் ஒரு போலீஸ்காரரை எழுப்பிவிட்டு எனக்கு சீட் கொடுத்தான். காலேஜில் பெண்ணைச் சேர்த்துவிட்டு வருகிறவன் முகத்தில் ஒரு களை இருக்குமாம். அந்த வார்டனம்மா கூட, "நீங்க பொண்ணுக்கு அப்பாங்களா?" என்று எழுந்து நின்றுதானே கேட்டார்? நான் "ஆமாங்க" என்று சொல்லி முடிப்பதற்குள் நீ குறுக்கே விழுந்து "மாமாங்க" என்றாய். ரெண்டுக்கும் என்ன பெரிய வித்தியாசம் அம்மிணி? போகட்டும்.

நேற்று ரேஷன் கார்டு வாங்கப் போனேன். கிளார்க் தம்பி பெ. சின்னுசாமியை பொ. சின்னுசாமி என்று எழுதி வைத்திருக்கிறான். விடுவேனா? "ஏனுங்க தம்பி, ஒரே ஒரு துணைக்காலைப் போட்டு எங்கப்பன் பெரியண்ணனை மாத்திப்போட்டீங்களே! இனிஷியல்ங்கறது அப்பன் பேருங்க. அதை மாத்தோணும்னா எங்கம்மாவையில்லீங்க கேக்கோணும்!" என்றேன். ஆபீஸ் முழுக்கச் சிரிப்பு. தாசில்தாரே உள்ளேயிருந்து எழுந்து வந்து கை கொடுத்து, "நீங்க எதுவரைக்கும் படிச்சிருக்கீங்க?" என்றார். ஐந்தாவது என்று சொன்னால் அவர் மனசு கஷ்டப்படும் என்று எஸ்.எஸ்.எல்.சி. என்று சொல்லிவிட்டு வந்தேன்.

ஒரு துக்கத் தாக்கல் சொல்ல வேண்டும். பனமரத்துப்பட்டியில் உன் அப்பாவைப் பெற்ற தாத்தா காலமாகிவிட்டார். உன் பெரியப்பா குமாரசாமி தோட்டத்தைத் தன் பெயருக்கே எழுதிக்கொள்ளப் பார்க்கிறார் என்று கேள்வி. உன் அப்பன் மணியன் உயிரோடு இருந்தால் அவன் பாகம் அவனுக்குத்தானே? நீ வயிற்றில் இருக்கும்போதே கிணற்றுச் சரிவில் போய்விட்டான் என்பதற்காகப் பாகமும் கூடவே போய்விடுமா? சேலத்தில் வக்கீல் சண்முகவேலைப் பார்த்துவிட்டேன். நோட்டீஸ் போகிறது. நீ ஒன்றும் யோசிக்காமல் படி.

இப்படிக்கு,
மாமா,
பெ. சின்னுசாமி


கோயம்புத்தூர்
28-7-1978

அன்புள்ள மாமாவுக்கு சாரதாமணியின் வணக்கம். நான் நன்றாக இருக்கிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி எப்படி இருக்கிறது? அத்தையின் கண்ணில் நீர் வடிவது நின்றதா? சோறு பரவாயில்லை. குழம்புதான் நம் ஊர்க் கிணறு மாதிரி, அடி தெரிகிறது.

மாமா, உங்களுக்குப் பிடித்த சொல் எங்கள் லேபிலும் இருக்கிறது. பியூரெட் என்று நீளக் கண்ணாடிக் குழாய், உடம்பெல்லாம் கோடு. அதில் அமிலத்தை ஊற்றி, எந்தக் கோட்டில் நிற்கிறது என்று முதலில் குறித்துக்கொள்ள வேண்டும். அதற்கு இனிஷியல் ரீடிங் என்று பெயர். பிறகு துளித்துளியாகக் கீழே குடுவைக்குள் விட வேண்டும். குடுவையில் நிறம் மாறிய நொடியில் நிறுத்தி மறுபடியும் குறிக்க வேண்டும். நான் முதல் நாள் இனிஷியல் பூஜ்யத்தில்தான் நிற்க வேண்டும் என்று நினைத்து மணிக்கணக்கில் மல்லுக்கட்டினேன். மேடம் சிரித்துவிட்டார். எந்தக் கோட்டில் தொடங்கினாலும் தப்பில்லையாம். குழாயிலிருந்து எவ்வளவு இறங்கியது என்பதுதான் கணக்காம்.

வகுப்பில் பெயர் வாசிக்கும்போது "சி. சாரதாமணி" என்கிறார்கள். பக்கத்துப் பெண், "உங்கப்பா பேர் என்ன?" என்று கேட்டாள். மணியன் என்றேன். "அப்புறம் சி. எங்கிருந்து வந்தது?" என்றாள். அது என் மாமா பெயர் என்றேன். அவளுக்குப் புரியவில்லை. நானும் விளக்கவில்லை.

நோட்டீஸ் எல்லாம் வேண்டுமா மாமா? அம்மா என்ன சொல்கிறார்?

அன்புடன்,
சி. சாரதாமணி


உ

மல்லசமுத்திரம்
12-11-1978

செல்ல மகள் சாரதாமணிக்கு மாமா எழுதுவது. தீபாவளிக்கு வந்து போனதிலிருந்து வீடு வெறிச்சோடிக் கிடக்கிறது. செவலை கன்று ஈன்றது, கிடாரி. மற்றபடி எல்லோரும் குறையில்லாமல் இருக்கிறோம். நீயும் அப்படியே இருப்பாய் என்று நம்புகிறேன்.

உன் கண்ணாடிக் குழாய் விஷயத்தை லாரி புக்கிங் ஆபீஸில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். "குழாய்க்கே இனிஷியல் உண்டுன்னா அதுக்கு அப்பன் யாருங்க?" என்று டிரைவர் குழந்தைவேல் கேட்டான். "ஊத்துனவன்தான்டா!" என்றேன். ரசாயனத்தை நான் இவ்வளவு சுருக்கமாகச் சொல்வேன் என்று யாரும் எதிர்பார்க்கவில்லை.

அந்தப் பக்கத்துப் பெண்ணுக்கு விளக்கம் சொல்லத் தெரியாமல் போனதே உனக்கு! நடந்தது இதுதான். உன்னைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போன அன்று ஹெட்மாஸ்டர் நாற்காலியை விட்டு எழுந்து, "சின்னுசாமி, இந்தப் புள்ளைக்கு உங்க இனிஷியலைப் போட்டா இந்த ஸ்கூலுக்கே ஒரு கௌரவமுங்க" என்று கையைப் பிடித்துக்கொண்டார். நான் வேண்டாம் வேண்டாம் என்றேன். அவர் விடவில்லை. கடைசியில் பெரிய மனுஷர் முகத்துக்காகச் சரி என்றேன்.

இப்போது முக்கிய சமாச்சாரம். உன் பெரியப்பா குமாரசாமி வக்கீல் மூலமாகப் பதில் நோட்டீஸ் விட்டிருக்கிறார். என்ன எழுதியிருக்கிறார் தெரியுமா? "சாரதாமணி என்பவர் மல்லசமுத்திரம் சின்னுசாமியின் மகள்" என்று! ஸ்டாம்பு ஒட்டி, டைப் அடித்து, சீல் வைத்து! படித்ததும் எனக்கு அவர் மேல் இருந்த கோபமே பறந்துவிட்டது. உன் அத்தையைக் கூப்பிட்டு, "பாருடி, ஊரே வெறும் வாயில சொன்னதை அந்தாளு எழுத்துல குடுத்துட்டான்!" என்று காட்டினேன். கண்ணாத்தாள் அந்தக் காகிதத்தை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டே இருந்தாள்.

அப்புறம் சேலத்துக்குக் கொண்டுபோனேன். சண்முகவேல் மிச்சத்தையும் படித்தார். "ராமாத்தாள் என்பவர் குழந்தையே பெறவில்லை, தன் அண்ணன் மகளைத் தன் மகள் என்று காட்டிச் சொத்துக் கேட்கிறார், பள்ளிச் சான்றிதழில் உள்ள இனிஷியலே அதற்குச் சாட்சி" என்று எழுதியிருக்கிறதாம். உன் அம்மாவும் கூடத்தான் உட்கார்ந்திருந்தாள்.

கவலைப்படாதே. இதெல்லாம் எனக்கு ஒரு விஷயமே இல்லை.

மாமா,
பெ. சின்னுசாமி


கோயம்புத்தூர்
20-11-1978

அன்புள்ள மாமாவுக்கு வணக்கம். கன்றுக்கு என்ன பெயர் வைத்தீர்கள்? எனக்குச் சளி, அவ்வளவுதான், வேறு குறையில்லை.

உங்கள் கடிதத்தைப் படித்ததும் அம்மா பக்கத்தில் உட்கார வேண்டும் போல் இருந்தது. "பெறவில்லை" என்று படித்தபோது அம்மா என்ன செய்தார்? நீங்கள் எழுதவே இல்லையே.

தோட்டம் வேண்டாம் மாமா. எனக்கு அந்தத் தோட்டம் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூடத் தெரியாது. ஏரிக்குப் பக்கம் என்று அம்மா ஒரு தரம் சொன்னதுதான். கேஸை விட்டுவிடுங்கள். அம்மா நிம்மதியாக இருந்தால் போதும்.

சி. சாரதாமணி


உ

மல்லசமுத்திரம்
24-1-1979

செல்ல மகளுக்கு, பொங்கலுக்கு வர முடியாதபடி பரீட்சை வந்து கெடுத்தாலும் நீ உடல்நலத்தோடு இருப்பதே எங்களுக்குப் பொங்கல். கன்றுக்கு உன் அத்தை 'காலேஜ்' என்று பெயர் வைத்திருக்கிறாள். "காலேஜு, தவுட்டுத் தண்ணியைக் குடி" என்று அவள் அதட்டுவதைக் கேட்டால் நீ சிரிப்பாய்.

கேஸை விடச் சொன்னாய். நானும் உன் அம்மாவிடம் சொன்னேன். அவள் மாவாட்டிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்க்காமலே, "மண்ணை அவிங்களே வெச்சுக்கட்டும். நான் பெத்தேனா இல்லையான்னு மட்டும் அந்தக் கோர்ட்டுல ஒரு வார்த்தை எழுதிக் குடுக்கச் சொல்லு" என்றாள். அப்புறம் இந்த இரண்டு மாதமாகப் பேச்சு கொஞ்சம் குறைவு. சாப்பாடும் கொஞ்சம் குறைவு. முழங்கால் பரவாயில்லை.

அதனால் கேஸ் நடக்கிறது. சண்முகவேல் ஆபீஸில் எனக்கென்று தனி நாற்காலி. அவருடைய குமாஸ்தா அங்கமுத்து என் பிரமாணப் பத்திரத்தை டைப் அடித்தார். அதில் சின்னுசாமியைச் சின்னசாமி ஆக்கிவிட்டார். "அடிச்சுத் திருத்திக்கலாமுங்க. ஆனா திருத்தின எடத்துக்குப் பக்கத்துல நீங்க இனிஷியல் போடோணும். அப்பத்தான் சட்டப்படி செல்லும்" என்றார். முழுக் கையெழுத்து வேண்டாமாம், சுருக்கமாக ஓர் எழுத்து, இந்தத் திருத்தம் எனக்குத் தெரிந்தே நடந்தது என்பதற்கு அடையாளமாம். 'சி' என்று ஒரு சுழி சுழித்தேன். "ஜட்ஜு போடற மாதிரியே இருக்குதுங்க" என்றார் அங்கமுத்து. பார், ஒரே சொல், உன் லேபில் ஒன்று, ரேஷன் கார்டில் ஒன்று, கோர்ட்டில் ஒன்று! இங்கிலீஷ்காரனுக்கு வார்த்தைப் பஞ்சம்.

நீ பிறந்ததை ஊரில் யாரும் பதிவு செய்யவில்லை. பிரசவம் பார்த்த கிழவியும் போய்விட்டாள். அதனால் இனிஷியல் போட்டவனே கூண்டில் ஏறிச் சொன்னால்தான் தீருமாம். எதிர்க்கட்சி வக்கீல் கேட்பது இரண்டே கேள்விதானாம். சண்முகவேல் சொல்லிக்கொடுத்தார். சுலபமான கேள்விகள்தான்.

மாமா,
பெ. சின்னுசாமி


கோயம்புத்தூர்
2-7-1979

அன்புள்ள மாமாவுக்கு, கோடை விடுமுறைக்கு வந்தபோது எல்லோரையும் கண்ணாரப் பார்த்துவிட்டதால் சுகம் விசாரிக்கும் வரியை அம்மாவுக்கு மட்டும் வைத்துக்கொள்கிறேன். சாப்பிடுகிறாரா?

நான் அங்கே இருந்த நாளெல்லாம் அந்த இரண்டு கேள்வி என்ன என்று கேட்டேன். முதல் நாள் மறந்துவிட்டது என்றீர்கள். மறுநாள் கோர்ட் ரகசியம் என்றீர்கள். அப்புறம் லாரி வந்துவிட்டது என்று எழுந்து போனீர்கள். அன்றைக்கு லாரி எதுவும் வரவில்லை.

பம்பாய்க்குத் தனியாக லாரி ஓட்டிப் போய் மராட்டிக்காரர்களுக்குத் தமிழ் சொல்லிக்கொடுத்துவிட்டு வந்த கதையைச் சொல்கிற நீங்கள், இந்த இரண்டு கேள்வியைச் சொல்ல மாட்டேன் என்கிறீர்கள். அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது.

சி. சாரதாமணி


உ

மல்லசமுத்திரம்
16-9-1979

மருமகள் சாரதாமணிக்கு, தாய்மாமன் சின்னுசாமி எழுதியது. யாவரும் க்ஷேமம். நீ க்ஷேமமா.

சாட்சி முடிந்தது. கோர்ட் நிரம்பி வழிந்தது. நான் கூண்டில் ஏறியதும் மின்விசிறி கூட மெதுவாகச் சுற்றியது. எதிர்க்கட்சி வக்கீல் பட்டணத்திலிருந்து வந்த ஆள், என்னைப் பார்த்ததும் தொண்டையைக் கனைத்துத் தண்ணீர் கேட்டார். கேள்வி மேல் கேள்வி. நான் ஒவ்வொன்றுக்கும் சிங்கம் மாதிரி பதில். கடைசியில் ஜட்ஜ் பேனாவை மூடி வைத்துவிட்டு, "இந்த மாதிரி சாட்சியை என் சர்வீஸில் பார்த்ததில்லை" என்றார். சண்முகவேல் என்னைக் கட்டிப்பிடித்தார். பஸ் ஸ்டாண்டில் காபி குடித்தோம்.

தீர்ப்பு வர மாதங்கள் ஆகும். நம் பக்கம் வந்ததும் காலேஜில் மனுக் கொடுத்து இனிஷியலை ம. என்று மாற்றிக்கொள்ள வேண்டும் என்கிறார் வக்கீல். மணியன் மகள், ம. சாரதாமணி. அதுதான் முறை. அதுதான் சரி.

கன்று நன்றாக இருக்கிறது.

இப்படிக்கு,
பெ. சின்னுசாமி


மல்லசமுத்திரம்
7-10-1979

அன்பு சாரதாமணி, நான் ஜானகியம்மாள் டீச்சர். நீ நன்றாகப் படிக்கிறாய் என்று கேட்டு மகிழ்ச்சி. உன் அம்மா என் வீட்டுக்கு வந்து, சொல்லச் சொல்ல எழுத வேண்டும், ஒரு வார்த்தை மாற்றக் கூடாது என்று உட்கார்ந்திருக்கிறார். அப்படியே எழுதுகிறேன்.

கண்ணு சாரதா, அம்மா சொல்றேன். ஒடம்பைப் பாத்துக்க. இதை நான் சொன்னேன்னு உங்க மாமனுக்குத் தெரிய வேண்டாம்.

கோர்ட்டுல சிங்கம் மாதிரிப் பேசுனேன்னு எழுதியிருப்பானே? நானும் அங்கதான் உக்காந்திருந்தேன். அந்த வக்கீலு கேட்டது இதுதான். "உமக்குப் புள்ளைங்க எத்தனை?"

உனக்குத்தான் தெரியுமே. பஸ்ஸுல பக்கத்துல உக்காந்தவன் கேட்டாலும், "ஒரே பொண்ணுங்க, காலேஜுல படிக்குது"ன்னு பத்து நிமிசம் சொல்றவன் அவன். கூண்டுல நின்னுக்கிட்டு வாயே தொறக்கலை கண்ணு. ஜட்ஜய்யா, "கேள்வி புரிஞ்சுதா?"ன்னு கேட்டாரு. கூண்டுக் கட்டையைப் புடிச்சுக்கிட்டு, "இல்லீங்க சாமி"ன்னான். புரியலையான்னு கேட்டாங்க. "புரிஞ்சுதுங்க. புள்ளை இல்லீங்க"ன்னான். கண்ணாத்தா என் கையை அப்பிடியே புடிச்சா.

அடுத்ததா, "அப்பறம் ஏன் உம்ம இனிஷியலைப் போட்டீர்?"னு கேட்டாங்க. அதுக்குத்தான் அவன் சொன்னான், "எனக்குப் படிப்புப் பத்தாதுங்க. இனிஷியல்னா அப்பன் பேருன்னு தெரியாதுங்க. வாத்தியாரு 'இனிஷியல் சொல்லு'ன்னாரு. கூட்டியாந்த ஆளு போடற சின்னக் கையெழுத்துன்னு நெனச்சு என்னுதைச் சொல்லிப்போட்டனுங்க. நான் ஒரு மடையனுங்க"ன்னு. ஒட்டுக்காச் சிரிச்சாங்க கண்ணு, கோர்ட்டே சிரிச்சுது. அந்த வக்கீலு, "ஊருக்குப் பெரிய மனுசன், இனிஷியல் தெரியாத மனுசன்"னு சொல்லிச் சொல்லிச் சிரிச்சான். இவன் தலையைக் குனிஞ்சுக்கிட்டு நின்னான். எங்கண்ணன் தலை குனிஞ்சு நான் பாத்ததில்லை.

இப்ப லாரி ஆபீசுல குழந்தைவேலுப் பையன்கூட, "ஏனுங்க மாமா, இந்தப் பில்லுல இனிஷியல் போடறீங்களா, அர்த்தம் சொல்லட்டுங்களா?"ன்னு கிண்டல் பண்றான். இவனும் கூடச் சேர்ந்து சிரிச்சுட்டு ஊட்டுக்கு வந்து மாட்டுக்கொட்டாயில உக்காந்துக்கறான்.

அன்னிக்குப் பள்ளிக்கூடத்துல நானும் கூட நின்னேன். வாத்தியாரு, "அப்பா பேரு என்ன?"ன்னு தெளிவாத்தான் கேட்டாரு. நீ நிமிந்து மாமன் மூஞ்சியைப் பாத்தே. அவன் என் மூஞ்சியைப் பாத்தான். நான் ஒண்ணும் பேசலை. அப்பறம் அவன் "சின்னுசாமி"ன்னான். அவ்வளவுதான் நடந்தது.

தீர்ப்பு என்ன வேணும்னாலும் வரட்டும். நான் இப்பச் சாப்படறேன். நீ மாமனுக்கு ஒரு கடுதாசி போடு. ஏதாச்சும் சிரிக்கற மாதிரி.

(இத்துடன் அம்மா சொன்னது முடிந்தது. — ஜானகியம்மாள்)


கோயம்புத்தூர்
18-10-1979

அன்புள்ள மாமாவுக்கு,

க்ஷேமமா என்று கேட்டிருந்தீர்கள். க்ஷேமம். 'க்ஷே' எழுத எங்கே கற்றுக்கொண்டீர்கள்? ஐந்தாவது வரையில் அந்த எழுத்து வராதே. எஸ்.எஸ்.எல்.சி. ரகசியமாகப் படித்திருப்பீர்கள். அத்தைக்கும் அம்மாவுக்கும் 'காலேஜு'க்கும் என் விசாரிப்பு.

கோர்ட்டில் மின்விசிறி மெதுவாகச் சுற்றியதையும் பட்டணத்து வக்கீல் தண்ணீர் கேட்டதையும் விடுதியில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன். ஒரு வரி மாற்றவில்லை. அந்தப் பக்கத்துப் பெண், "உங்க மாமா சினிமாவுல இருக்க வேண்டியவர்" என்றாள்.

எனக்கு உங்கள் ரேஷன் கார்டுக் கதை நினைவு வந்தது. தாசில்தார் எழுந்து வந்து கை கொடுத்தது. அது உங்கள் கதைகளிலேயே எனக்குப் பிடித்த கதை. அதைப் பற்றி நான் உங்களிடம் எதுவும் கேட்கப்போவதில்லை. யாரிடமும் சொல்லப்போவதும் இல்லை.

லேபில் இப்போது எனக்குக் கை பழகிவிட்டது. நேற்று என் பியூரெட்டின் இனிஷியல் பாதிக்கும் கீழே நின்றது. முன்பென்றால் கொட்டிவிட்டு மேலே பூஜ்யக் கோடு வரை நிரப்பியிருப்பேன். நேற்று அப்படியே தொடங்கினேன். விடை சரியாக வந்தது.

ம. என்று மாற்றிக்கொள்ளச் சொல்லியிருக்கிறீர்கள். மாற்றிக்கொள்கிறேன். என் அப்பா முகம் எனக்குத் தெரியாது. அவர் பெயராவது என்னோடு இருக்கட்டும். அம்மாவுக்காகவும் இருக்கட்டும். ஆனால் ஒன்று. என் பெயருக்கு முன்னால் முதன்முதலில் எழுத்துப் போட்டவர் நீங்கள். இந்த எழுத்தையும் முதலில் நீங்கள்தான் போட வேண்டும். தீர்ப்பு வந்த அன்று உங்கள் கையால் எழுதி வரும் கடிதத்தைப் பார்த்த பிறகுதான் காலேஜில் மனுக் கொடுப்பேன். அதுவரை கீழே என் பெயருக்கு முன்னால் இடம் விட்டு எழுதுகிறேன்.

அப்புறம், க்ஷேமம், மருமகள், தாய்மாமன் என்றெல்லாம் இனிமேல் எழுதினால் கடிதத்தைத் திருப்பி அனுப்பிவிடுவேன்.

        சாரதாமணி


உ

மல்லசமுத்திரம்
20-4-1980

செல்ல மகள் சாரதாமணிக்கு, தாமதமாக எழுதும் மாமா. உன் கடிதத்துக்கு இத்தனை மாதம் பதில் போடாததற்கு நூறு வேலைகள். ஒரு லாரி கவிழ்ந்தது. இன்னொரு லாரியை நானே ஒற்றைக் கையால் நிமிர்த்தினேன். அதில் கை பிசகிப் பேனா பிடிக்க முடியவில்லை. இப்போது சரியாகிவிட்டது. நீ பரீட்சைக்குக் கண் விழித்து உடம்பைக் கெடுத்துக்கொள்ளாதே. நாங்கள் எல்லோரும் பார்க்க லட்சணமாக இருக்கிறோம்.

தீர்ப்பு வந்துவிட்டது! நீ மணியனுக்கும் ராமாத்தாளுக்கும் பிறந்த மகள் என்று கோர்ட் எழுதிவிட்டது. தோட்டத்தில் உங்கள் பாகமும் உண்டு என்று எழுதியிருக்கிறது. உன் அம்மா அதைக் காதில் வாங்கவே இல்லை. 'பிறந்த மகள்' என்ற வரியை மட்டும் அங்கமுத்துவைத் திரும்பத் திரும்பப் படிக்கச் சொன்னாள். அந்த ஆள் களைத்துப்போய், "ஏனுங்கம்மா, வேணும்னா இந்தப் பக்கத்தை மடிச்சு எடுத்துக்குங்க" என்று ஒரு நகல் கொடுத்துவிட்டார். திரும்பி வரும்போது பஸ்ஸில் பக்கத்தில் இருந்த பூக்காரியிடம் சேலத்திலிருந்து மல்லசமுத்திரம் வரைக்கும், நீ பிறந்த அன்று பெய்த மழையைப் பற்றியே பேசிக்கொண்டு வந்தாள். என்னையே பேச விடவில்லை என்றால் பார்த்துக்கொள்.

குமாரசாமியும் கோர்ட் வாசலில் என்னைப் பார்த்தார். "ஏனுங்க சின்னுசாமி, இப்பவாச்சும் இனிஷியல்னா என்னன்னு தெரிஞ்சுதுங்களா?" என்றார். "தெரிஞ்சுதுங்க. உங்களுக்கும் தெரிஞ்சுதுங்களா?" என்றேன். இது நிஜமாகவே சொன்னது அம்மிணி. உன் அத்தையைக் கேட்டுப்பார்.

சரி, உறையைப் பார்த்திருப்பாய். பார்த்துவிட்டு என்னடா இது என்று நினைத்திருப்பாய். சொல்கிறேன்.

நீ சொன்னபடி முதல் ம.-வை நானே எழுத வேண்டும் என்று காலையிலேயே குளித்து, புதுப் பேனா வாங்கி, எழுத உட்கார்ந்தேன். அத்தையும் அம்மாவும் ஆளுக்கொரு பக்கம் நின்றார்கள். இத்தனை வருஷப் பழக்கம் இருக்கிறதே, கை தானாக 'சி. சாரதாமணி' என்று எழுதிவிட்டது. கண்ணாத்தாள், "உறையை மாத்திடலாமுங்க" என்றாள். உறையை வீணாக்க நான் என்ன பணக்காரனா? சி.-யை ஒரே கோட்டில் அடித்து, மேலே ம. என்று எழுதினேன். நன்றாகத்தான் வந்தது. என் வாழ்நாளில் இவ்வளவு நிதானமாக ஓர் எழுத்து எழுதியதில்லை. உன் அப்பன் மணியன் பார்த்திருந்தால், மச்சான் கையெழுத்து தேவலை என்றிருப்பான்.

ஆனால் அடித்துத் திருத்தினால் பக்கத்தில் இனிஷியல் போட வேண்டுமே, போடாவிட்டால் செல்லாதே! அங்கமுத்து சொல்லிக்கொடுத்தது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. திருத்தினவனுக்குத் தெரிந்தேதான் திருத்தம் நடந்தது என்பதற்கு அடையாளம் வேண்டுமில்லையா? அதனால் ம.-வை ஒட்டி ஓரமாக, சின்னதாக, 'சி' என்று ஒரு சுழி சுழித்திருக்கிறேன். வாசலிலிருந்து எட்டிப் பார்த்த தபால்காரன் அது என்னங்க என்றான். சட்டம் என்றேன்.

நீ மனுக் கொடு. ம. சாரதாமணி என்றே எல்லா இடத்திலும் எழுது. மேடம் அப்படியே வாசிக்கட்டும். அதில் ஒரு மாற்றமும் வேண்டாம். நான் மட்டும், வயசான கை, இனிமேலும் ஒவ்வொரு உறையிலும் தப்பாகத்தான் எழுதுவேன் என்று தோன்றுகிறது. எழுதினால் அடித்துத் திருத்தி, பக்கத்தில் இனிஷியல் போட்டுவிடுகிறேன். சட்டப்படி செல்லும்.

'காலேஜு' சினையாக இருக்கிறாள். லீவுக்கு வரும்போது சேலம் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறேன். நாலு பேர் பக்கத்தில் இருந்தால், "மாமா" என்று கொஞ்சம் சத்தமாகவே கூப்பிடு.

இப்படிக்கு,
எஸ்.எஸ்.எல்.சி. படித்த உன் மாமா,
பெ. சின்னுசாமி